‘காடாட்’ என்றால் கீழே அல்ல, வால்பக்கமாக

கேள்வி: வணக்கம் டாக்டர். நான் மருத்துவக் கையேடுகளைத் தமிழில் மொழிபெயர்ப்பவள். மருத்துவம் படிக்கவில்லை. இந்த ஆண்டு இரண்டு வேலைகள் ஒரே சமயத்தில் வந்தன. ஒன்று, கால்நடை அறுவைச் சிகிச்சை பற்றியது. இன்னொன்று, எக்ஸ்ரே எடுப்பவர்களுக்கானது. இரண்டிலும் ‘காடாட்’ என்று ஒரு சொல் வந்தது. ‘காடல்’ என்ற சொல் எனக்குத் தெரியும். அதன் கடைசி எழுத்து ‘எல்’ என்பதற்குப் பதிலாக ‘டி’ என்று அச்சாகிவிட்டது போல என்று நினைத்தேன். நாய்க்கான அறுவைக் குறிப்பில் ‘தொப்புளிலிருந்து 3 செ.மீ. காடாட் கீறவும்’ என்று இருந்ததை, ‘தொப்புளுக்குக் கீழே 3 செ.மீ. கீறவும்’ என்று எழுதினேன். எக்ஸ்ரே நூலில், வால் எலும்பைப் படமெடுக்கும் பகுதியில், ‘குழாயை 10 டிகிரி காடாட் சாய்க்கவும்’ என்று இருந்தது. அதை ‘10 டிகிரி கீழ்நோக்கிச் சாய்க்கவும்’ என்று எழுதினேன். சரிபார்த்த மருத்துவர்கள் இரண்டு வரிகளையும் அடித்துத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். காரணம் எழுதவில்லை. இந்தச் சொல்லுக்கு என்னதான் பொருள்? ‘கீழே’ என்பது ஏன் தவறு? தமிழில் எப்படி எழுதுவது?

பதில்: அன்புள்ள வாசகருக்கு,

முதலில் உங்கள் சந்தேகத்தைத் தீர்த்துவிடுகிறேன். அது அச்சுப் பிழை இல்லை. ‘காடல்’ என்பது வேறு, ‘காடாட்’ என்பது வேறு. முன்னது பெயரடை, பின்னது வினையடை. இரண்டுக்கும் வேர் ஒன்றுதான். லத்தீனில் ‘காடா’ என்றால் வால். அதன் முடிவில் ஒட்டியிருக்கும் ‘ஆட்’ என்பதற்கு ‘நோக்கி’ என்று பொருள். ஆக ‘காடாட்’ என்றால் ‘வாலை நோக்கி’, ‘வால்பக்கமாக’. அவ்வளவுதான். இதற்கு எதிர்ச்சொல் ‘செஃபலாட்’, அதாவது தலையை நோக்கி. சிலர் ‘கிரேனியாட்’ என்றும் எழுதுவார்கள்.

உடற்கூறியல் பாடம் எடுக்கிறவன் என்ற முறையில், மாணவர்கள் இதே சொல்லில் தடுக்கி விழுவதைப் பல ஆண்டுகளாகப் பார்த்து வருகிறேன். உங்களைப் போலவேதான் அவர்களும். சொல்லின் பொருளைக் கண்டுபிடித்துவிடுவார்கள், அப்புறம் அதைத் தங்களுக்குப் பழகிய ‘மேலே’, ‘கீழே’ என்பதற்குள் கொண்டுபோய் அடைத்துவிடுவார்கள். தவறு அந்த இரண்டாவது அடியில்தான் நேர்கிறது.

உங்கள் இரண்டு வரிகளையே எடுத்துக்கொள்வோம். இதைவிட நல்ல உதாரணங்கள் எனக்குக் கிடைக்காது.

நாய்க்கு வயிற்றில் அறுவை செய்யும்போது பெரும்பாலும் எப்படிக் கிடத்துவார்கள்? மல்லாக்க, நான்கு காலும் மேலே தெரியும்படி. அப்போது வயிறு கூரையைப் பார்க்கிறது, முதுகு மேசையில் படிந்திருக்கிறது. அந்த நிலையில் ‘தொப்புளுக்குக் கீழே’ என்றால் எது? தொப்புளுக்கு நேர் கீழே இருப்பது குடல், அதற்கும் கீழே முதுகெலும்பு, அதற்கும் கீழே மேசை. சரி, நாய் எழுந்து நிற்கும்போது என்று வைத்துக்கொண்டால்? தொப்புளுக்குக் கீழே தரைதான் இருக்கிறது. நாய் நின்றாலும் படுத்தாலும் ‘தொப்புளுக்குக் கீழே’ என்ற சொற்கள் நீங்கள் நினைத்த இடத்தைக் காட்டவே காட்டாது. மனிதர் நிற்கிற கோலத்தை மனதில் வைத்துக்கொண்டு எழுதிய வரி அது.

இரண்டாவது வரியில் பிரச்சினை இன்னும் நுட்பமானது, ஏனென்றால் இங்கே நோயாளி மனிதர். வால் எலும்பை முன்னிருந்து படமெடுக்கும்போது அவர் மல்லாந்து படுத்திருப்பார். எக்ஸ்ரே குழாய் அவருக்கு மேலே தொங்கும். ஒன்றும் சாய்க்காமல் வைத்திருந்தாலே அது கீழ்நோக்கித்தான் இருக்கிறது! அதை ‘10 டிகிரி கீழ்நோக்கிச் சாய்க்கவும்’ என்றால் படிக்கிறவர் என்ன செய்வார்? தலைப்பக்கம் சாய்ப்பாரா, கால்பக்கம் சாய்ப்பாரா? உங்கள் வரியில் அதற்கு விடை இல்லை.

விடை இல்லாமல் போனால் என்ன ஆகும் என்றும் சொல்கிறேன். வால் எலும்புக்கு மேலே, அதோடு ஒட்டியபடி இருப்பது சேக்ரம் என்ற முக்கோண எலும்பு. அதற்கும் இதே மாதிரி மல்லாக்கப் படுக்க வைத்துத்தான் படம் எடுப்பார்கள். ஆனால் வழக்கமான முறையில் சேக்ரத்துக்குக் குழாயை 15 டிகிரி செஃபலாட் சாய்க்க வேண்டும், வால் எலும்புக்கு 10 டிகிரி காடாட். அடுத்தடுத்த இரண்டு எலும்புகள், சாய்வோ நேர் எதிர். காரணம், சேக்ரம் கீழே போகப்போகப் பின்னால் சரிகிறது. வால் எலும்பு முன்னால் வளைகிறது. கதிர் எலும்பின் முகத்தில் நேராக விழுந்தால்தான் எலும்பு அதன் உண்மையான நீளத்தில் படத்தில் தெரியும். சாய்வு மாறிப்போனால் எலும்பு குறுகித் தெரியும், இடுப்பின் முன்னெலும்பு அதன்மேல் வந்து விழுந்து மறைக்கும். மறுபடி எடுக்க வேண்டும். அதாவது, இடுப்புப் பகுதிக்கு இன்னொரு தடவை கதிர்வீச்சு. ஒரு வினையடையைச் சரியாக மொழிபெயர்க்காததன் விலை அது. உங்கள் வரியை அடித்த மருத்துவர் காரணத்தையும் எழுதியிருக்கலாம். ஆனால் அடித்தது சரிதான்.

மயக்க மருத்துவத்திலிருந்து இன்னொன்று சொல்ல வேண்டும், ஏனென்றால் நீங்கள் அந்தத் துறையிலும் ஒருநாள் மொழிபெயர்க்க நேரலாம். முதுகில் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மரத்துப்போகச் செய்வார்கள் அல்லவா? அதற்குப் பயன்படும் மருந்துகளில் ஒரு வகையில் குளுக்கோஸ் கலந்திருப்பார்கள். தண்டுவடத்தைச் சுற்றியிருக்கும் திரவத்தைவிட அது கனமானது. அதனால் புவியீர்ப்புக்கு ஏற்ப, தாழ்ந்த பக்கமாக ஓடும். இப்போது மேசையின் தலைமாட்டைத் தாழ்த்துகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். மருந்து எந்தப் பக்கம் போகும்? தலைப்பக்கமாக. இதை எப்படி எழுதுவீர்கள்? மருந்து ‘மேலே’ போனது என்றா? அது தாழ்ந்த பக்கமாக அல்லவா ஓடியது! ‘கீழே’ போனது என்றா? அப்படியென்றால் கால்பக்கம் போனது என்று படிப்பவர் நிம்மதியாக இருந்துவிடுவார். மருந்து அளவுக்கு மீறித் தலைப்பக்கம் பரவினால் ரத்த அழுத்தம் விழும், நெஞ்சுத் தசைகள் தளரும், மூச்சே சிரமமாகலாம். அங்கே ‘மருந்து செஃபலாட் பரவியது’ என்று எழுதினால் மேசை எப்படிச் சாய்ந்திருந்தாலும், நோயாளி எப்படிக் கிடந்தாலும் பொருள் ஒன்றுதான்.

இந்தச் சொற்கள் பிறந்த காரணமே அதுதான். மேலே, கீழே, முன்னே, பின்னே எல்லாம் உடலுக்கு வெளியே இருக்கும் உலகத்தை வைத்துத் திசை சொல்கின்றன. காடாட், செஃபலாட் இரண்டும் உடலுக்குள்ளேயே இருக்கும் அடையாளங்களை வைத்துத் திசை சொல்கின்றன. உடலைத் திருப்பினால் திசையும் கூடவே திரும்பிவிடும்.

கொஞ்சம் வரலாறும் சொல்கிறேன், ஏனென்றால் எனக்கு மிகப் பிடித்த பகுதி இது. எடின்பரோவில் ஜான் பார்க்ளே என்று ஓர் உடற்கூறியல் ஆசிரியர் இருந்தார். 1803-ல் உடற்கூறியலுக்கான புதிய சொல்முறை ஒன்றை முன்வைத்துத் தனி நூலே எழுதினார். அவருக்கு மனித உடலில் மட்டுமல்ல, விலங்குகளின் உடல்களை ஒப்பிட்டுப் படிப்பதிலும் ஆழ்ந்த ஈடுபாடு. அதனாலேயே அவருக்குச் சிக்கல் தெரிந்தது. மனிதனுக்கு ‘மேல்’ என்று எழுதியதெல்லாம் நாலுகால் விலங்குக்கு ‘முன்’ ஆகிறது. மனிதனுக்கு ‘முன்’ என்பது விலங்குக்குக் ‘கீழ்’ ஆகிறது. ஒரே தசை, ஒரே நரம்பு, ஆனால் இரண்டு நூல்களில் இரண்டு திசை. அவர் சொன்ன தீர்வு எளிமையானது. உடலின் ஒரு பகுதியைச் சொல்லும் பெயரடையை எடுத்து, அதன் முடிவை ‘ஆட்’ என்று மாற்றினால் அது ‘அந்தப் பகுதியை நோக்கி’ என்ற வினையடை ஆகிவிடும். கழுத்தின் முதல் முள்ளெலும்புக்கு அட்லஸ் என்று பெயர். ‘அட்லான்டாட்’ என்றால் அதை நோக்கி. ‘டார்ஸாட்’ என்றால் முதுகை நோக்கி. கைகால்களைப் பற்றிப் பேசும்போது, உடலுக்கு அருகில், உடலைவிட்டு விலகி என்ற பொருளில் இன்று எல்லா மருத்துவ மாணவர்களும் சொல்லும் ‘ப்ராக்ஸிமல்’, ‘டிஸ்டல்’ என்ற சொற்களும் அவர் நூலிலிருந்து வந்தவைதான். வில்லியம் டிக் என்ற அவருடைய மாணவர் 1823-ல் எடின்பரோவில் கால்நடை மருத்துவக் கல்வியைத் தொடங்கியபோது பார்க்ளே துணை நின்றார். மனிதர் மருத்துவத்தையும் விலங்கு மருத்துவத்தையும் ஒரே மொழியில் பேச வைக்க ஆசைப்பட்ட மனிதர் அவர். உங்கள் மேசையில் அந்த இரண்டு நூல்களும் ஒன்றாக வந்து சேர்ந்ததைப் படித்தபோது எனக்கு அவர் நினைவுதான் வந்தது.

ஆனால் அவருடைய சொற்கள் உடனே பரவிவிடவில்லை. ஏறக்குறைய 80 ஆண்டு கழித்து, அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தில் பர்ட் வைல்டர் என்பவர் இந்த முறையைக் கையில் எடுத்தார். அவரும் சைமன் கேஜும் சேர்ந்து, வீட்டுப் பூனையின் உடலை வைத்து உடற்கூறியல் செய்முறை கற்பிக்கும் நூலை 1882-ல் வெளியிட்டார்கள். பூனையின் உடலை வைத்துப் பாடம் நடத்துகிறவருக்கு ‘மேல்’, ‘கீழ்’ எப்படி உதவும்? இந்தச் சொற்குடும்பத்துக்காக வைல்டர் வாழ்நாள் முழுக்க வாதாடினார். பின்னாளில் வந்த அதிகாரப்பூர்வமான உடற்கூறியல் பட்டியல்கள், 1895-ல் பாசெல் நகரில் ஏற்றுக்கொண்டது தொடங்கி, உறுப்புகளின் பெயர்களைத்தான் தொகுத்தன. ஒரு பெயருக்குப் பெயரடை வேண்டும், வினையடை வேண்டாம். அதனால் ‘காடல்’ பட்டியல்களில் நிலைத்தது, ‘காடாட்’ மருத்துவர்களின் கைக்குறிப்புகளிலும் எக்ஸ்ரே அறைகளிலும் விலங்கியல் விவரிப்புகளிலும் தங்கிவிட்டது. சிறிய அகராதிகளில் நீங்கள் தேடினால் அது கிடைக்காமல் போகக்கூடும்.

இன்னொரு சின்னத் தகவல். நாம் வரிசையில் நிற்பதை ‘க்யூவில் நிற்கிறோம்’ என்கிறோமே, அந்தக் ‘க்யூ’வும் இதே ‘காடா’விலிருந்து பிரெஞ்சு வழியாக வந்ததுதான். அங்கும் வால் என்றுதான் பொருள். தண்டுவடம் முடிந்த இடத்திலிருந்து கொத்தாகத் தொங்கும் நரம்புகளுக்கு ‘காடா ஈக்வைனா’ என்று பெயர், குதிரைவால் என்று பொருள். அந்தக் குதிரைவாலை நினைவில் வைத்துக்கொண்டால் ‘காடாட்’ மறக்காது. ஆனால் முடிவில் ‘ஆட்’ வருகிறதெல்லாம் இந்தக் குடும்பம் இல்லை. ‘ட்ரையாட்’ என்றால் மும்மை. அந்த ‘ஆட்’ கிரேக்க எண்ணுப்பெயர் விகுதி. அதற்கும் ‘நோக்கி’க்கும் தொடர்பில்லை.

சரி, பெயரடைக்கும் வினையடைக்கும் வேறுபாடு எங்கே தெரியும்? மூச்சை இழுக்கும்போது நடப்பதைச் சொல்கிறேன். கல்லீரல் உதரவிதானத்துக்குக் ‘காடல்’. இது இருப்பிடம். மூச்சை இழுக்கும்போது உதரவிதானம் ‘காடாட்’ நகர்கிறது. இது திசை. நிற்கிற மனிதரில் அது கீழே இறங்குகிறது, நிற்கிற நாயில் பின்னே போகிறது. சொல் ஒன்றுதான். ஒன்று ‘எங்கே’ என்ற கேள்விக்கு விடை, இன்னொன்று ‘எந்தப் பக்கமாக’ என்ற கேள்விக்கு விடை.

நடைமுறையில் இந்த வேலி அவ்வளவு உறுதியாக இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். ‘காடாட் கோணம்’, ‘செஃபலாட் சாய்வு’ என்று பெயருக்கு முன்னால் போட்டு, பெயரடை போலவே எக்ஸ்ரே நூல்களில் எழுதுகிறார்கள். ‘சிறுநீரகத்துக்குக் காடாட் 2 செ.மீ.’ என்று அறுவைக் குறிப்புகளில் வரும். இரண்டாவதில் எனக்கு எந்த ஆட்சேபமும் இல்லை. ஒரு புள்ளியிலிருந்து புறப்பட்டு வால்பக்கமாக 2 செ.மீ. போ என்றுதான் அதற்குப் பொருள், அதில் திசை இருக்கிறது. முதலாவது இலக்கணப்படி பிசகுதான், ஆனாலும் பொருள் கெடவில்லை. அதைத் திருத்தச் சொல்லி யாரிடமும் மல்லுக்கு நிற்க மாட்டேன். நான் கடுமையாக இருப்பது ஓர் இடத்தில்தான். ஏதோ ஒன்று நகர்கிறது, பரவுகிறது, சாய்கிறது, வளர்கிறது என்று வினை இருக்கும் வாக்கியத்தில் ‘காடல்’ என்று எழுதினால், வால்பக்கத்தில் இருந்துகொண்டு நகர்கிறதா, வால்பக்கமாக நகர்கிறதா என்று தெரியாமல் போகும். அங்கே மாணவர்களை விட மாட்டேன்.

வினையடையின் முழு அழகும் கருவின் வளர்ச்சியைச் சொல்லும்போதுதான் தெரியும். கருவில் உறுப்புகள் ஒரே இடத்தில் இருப்பதில்லை, பயணம் போகின்றன. சிறுநீரகம் இடுப்புக் குழியில் தோன்றிச் செஃபலாட் நகர்ந்து விலா எலும்புகளுக்கு அருகில் வருகிறது. விந்தகம் சிறுநீரகத்துக்குப் பக்கத்தில் தோன்றிக் காடாட் இறங்கி விதைப்பைக்குப் போகிறது. அதற்கு ரத்தம் கொண்டுபோகும் தமனி இன்றும் வயிற்றில், சிறுநீரகத் தமனிக்கு அருகிலிருந்துதான் புறப்படுகிறது. எனக்கு எப்போதும் வியப்பூட்டுவது உதரவிதானம். அதன் முதல் பகுதி கழுத்து மட்டத்தில் தோன்றுகிறது. அங்கேயே கழுத்தின் மூன்றாம், நான்காம், ஐந்தாம் நரம்புகளைத் தனக்கென்று பிடித்துக்கொள்கிறது. அப்புறம் காடாட் நகர்ந்து நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் இடையே வந்து நிற்கிறது, நரம்பையும் கூடவே இழுத்துக்கொண்டு. அதனால்தான் உதரவிதானத்துக்கு அடியில் சீழோ ரத்தமோ தேங்கினால் நோயாளிக்குத் தோள்பட்டையில் வலிக்கும். நாலு வாரக் கரு ஆங்கில ‘சி’ எழுத்துப் போல வளைந்து கிடக்கிறது. அதற்கு எது மேல், எது கீழ்? தலையும் வாலும் மட்டும்தான் உண்டு. ஆமாம், அந்த வயதில் மனிதக் கருவுக்கும் வால் இருக்கிறது.

விலங்கியலுக்கு வந்தால், ஒட்டகச்சிவிங்கியின் குரல்வளை நரம்பைச் சொல்லாமல் விட எனக்கு மனமில்லை. மூளையிலிருந்து குரல்வளைக்குப் போகவேண்டிய நரம்பு, இடப்பக்கத்தில் குரல்வளையைத் தாண்டிக் காடாட் ஓடி, நெஞ்சுக்குள் போய், பெருந்தமனியைச் சுற்றி, திரும்பச் செஃபலாட் ஏறிக் குரல்வளைக்கு வருகிறது. மனிதரிலும் அதே பாதைதான், தூரம் மட்டும் குறைவு. ஒட்டகச்சிவிங்கியில் அந்தச் சுற்றுவழி பல மீட்டர். இப்போது அந்த விலங்கு தலையைத் தாழ்த்தித் தண்ணீர் குடிக்கிறது என்று நினைத்துப் பாருங்கள். ‘கீழே போய் மேலே வருகிறது’ என்று எழுதியிருந்தால் அந்தக் கணத்தில் அது தலைகீழாகிவிடும். ‘காடாட் போய்ச் செஃபலாட் திரும்புகிறது’ என்றால் அது எப்போதும் உண்மை. மனிதருக்கும் உண்மை, நாய்க்கும் உண்மை. மண்புழுவில் முதுகுப்பக்க ரத்தக்குழாயில் ரத்தம் செஃபலாட் ஓடுகிறது, வயிற்றுப்பக்கக் குழாயில் காடாட் ஓடுகிறது என்றும் இதே சொற்களால் எழுதலாம். புழுவுக்குக் கண்ணுக்குத் தெரிகிற தலை இல்லாவிட்டாலும் வாய் இருக்கும் முனை இருக்கிறது.

எல்லா இடத்திலும் இந்தச் சொல் செல்லாது. கைகால்களுக்கு வேண்டாம். முழங்கையிலிருந்து விரலை நோக்கி என்றால் அதற்கு ‘டிஸ்டாட்’ என்று வேறு சொல் இருக்கிறது. நட்சத்திர மீனுக்குத் தலையும் இல்லை, வாலும் இல்லை. அதில் வாய்ப்பக்கம், வாய்க்கு எதிர்ப்பக்கம் என்றுதான் பேச வேண்டும். குடலிலும் இதே போல. பெருங்குடலின் வலப்பக்கத்தில் உள்ளடக்கம் தலைப்பக்கமாக ஏறுகிறது, ஆனால் வாயைவிட்டு விலகித்தான் போய்க்கொண்டிருக்கிறது. அதனால் குடலைப் படிப்பவர்கள் ‘ஓராட்’, ‘அபோராட்’ என்று, வாயை நோக்கி, வாயைவிட்டு விலகி என்ற பொருளில் எழுதுகிறார்கள்.

மனித மூளையில் மட்டும் மிகவும் கவனம் தேவை. நாம் நிமிர்ந்து நடக்கிறவர்கள் என்பதால், நமது நரம்பு மண்டலத்தின் அச்சு நடுமூளை அருகில் கிட்டத்தட்டச் செங்கோணமாக மடங்கியிருக்கிறது. தண்டுவடத்திலும் மூளைத்தண்டிலும் ‘காடாட்’ என்றால் கால்பக்கம். அந்த மடிப்பைத் தாண்டிப் பெருமூளைக்கு வந்துவிட்டால் அதே ‘காடாட்’ பிடரிப்பக்கத்தைக் காட்டும். அதன் எதிர்த்திசைக்கு அங்கே ‘ராஸ்ட்ராட்’ என்பார்கள், மூக்கை நோக்கி என்று பொருள். ஏற்கெனவே தலைக்குள்ளேயே இருக்கும்போது ‘தலையை நோக்கி’ என்று சொல்ல முடியாதல்லவா, அதனால்தான். மூளை பற்றிய நூல் உங்களிடம் வந்தால், படத்தைப் பார்க்காமல் இந்தச் சொல்லை மொழிபெயர்க்காதீர்கள்.

இப்போது தமிழுக்கு வருவோம். இந்த விஷயத்தில் நம் மொழி நமக்கு வசதியாகவே இருக்கிறது. இருப்பிடத்துக்கு ‘இல்’, திசைக்கு ‘ஆக’ அல்லது ‘நோக்கி’. ‘வால்பக்கத்தில்’ என்றால் காடல். ‘வால்பக்கமாக’ என்றால் காடாட். எல், டி என்ற ஒற்றை எழுத்தில் கண்ணுக்குத் தப்பிப்போகும் வேறுபாடு, தமிழில் விகுதியிலேயே பளிச்சென்று தெரிகிறது. அதனால் புதிதாகச் சொல் புனைய வேண்டிய தேவையே இல்லை. ‘வால்முக’, ‘வாலக’ போன்று செய்த சொற்களை நான் விரும்பவில்லை. அறுவை மேசைக்குப் பக்கத்தில் நின்று படிக்கிறவர் அவற்றைப் பார்த்துத் தயங்குவார். தயங்க நேரம் இல்லாத இடம் அது.

கால்நடை நூலில் ‘வால்பக்கமாக’, ‘தலைப்பக்கமாக’ என்று தயங்காமல் எழுதுங்கள். ‘பின்னோக்கி’ என்பது நாய்க்குப் பொருந்தினாலும் அதைத் தவிர்ப்பது நல்லது. மனித மருத்துவம் படித்தவர் அதைப் பார்த்தால் முதுகுப்பக்கம் என்று எடுத்துக்கொள்வார்.

மனிதர் பற்றிய நூலில் ‘வால்பக்கமாக’ என்று எழுதக் கை தயங்கும், அது நியாயம்தான். படிப்பவருக்கும் விசித்திரமாக இருக்கும். நெஞ்சு, வயிறு, இடுப்பு பற்றிப் பேசும்போது ‘கால்பக்கமாக’ என்று எழுதலாம். துல்லியமான பொருள் வால் எலும்பை நோக்கி என்பதுதான், ஆனாலும் உடலின் நடுப்பகுதியில் இரண்டும் ஒரே திசை. அதனால் தவறாகாது. அறுவை மேசை, படுக்கை பற்றிய வரிகளில் நமக்கு இன்னும் அழகான இரண்டு சொற்கள் இருக்கின்றன: தலைமாடு, கால்மாடு. ‘மேசையின் தலைமாட்டை 10 டிகிரி தாழ்த்தவும்’ என்றால் யாருக்குமே சந்தேகம் வராது. படுத்திருக்கும் உடலை வைத்துத் திசை சொல்லும் சொற்கள் நம்மிடம் எப்போதோ இருந்திருக்கின்றன. மருத்துவக் கையேடுகளில் அவற்றை யாரும் பயன்படுத்தக் காணோமே என்ற வருத்தம் எனக்கு உண்டு. நீங்களாவது தொடங்குங்கள்.

மருத்துவர்கள் மட்டும் படிக்கும் நூலாக இருந்தால் முதல்முறை வரும் இடத்தில் ‘வால்பக்கமாக, அதாவது காடாட்’ என்று ஒருமுறை எழுதிவிட்டு, அதன்பின் தமிழ்ச் சொல்லையே தொடரலாம். உதவியாளர்களுக்கான நூலில் ‘காடாட்’ தேவையே இல்லை.

உங்கள் இரண்டு வரிகளை நான் இப்படி எழுதுவேன்:

‘தொப்புளில் தொடங்கி, வயிற்றின் நடுக்கோட்டில், வால்பக்கமாக 3 செ.மீ. கீறவும்.’

‘கதிர் கால்பக்கமாகப் போகும்படி குழாயை 10 டிகிரி சாய்க்கவும்.’

முதல் வரியில் ‘நடுக்கோட்டில்’ என்பதை நானாகச் சேர்த்திருக்கிறேன். இத்தகைய கீறலை வழக்கமாக அங்கேதான் போடுவார்கள் என்றாலும், மூலத்தில் அது இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாவது வரியில் ‘கதிர்’ என்ற சொல் முக்கியம். குழாயைச் சாய்க்கும்போது அதன் தலை ஒரு பக்கம் போகும், கதிர் எதிர்ப்பக்கம் பாயும். கதிர் காடாட் போக வேண்டுமென்றால் குழாய் இருக்கும் இடம் தலைப்பக்கமாக நகர்ந்திருக்கும். எக்ஸ்ரே நூல்களில் காடாட், செஃபலாட் என்பதெல்லாம் கதிர் பாயும் திசையைத்தான் குறிக்கின்றன. ‘குழாயைக் கால்பக்கமாக’ என்று மட்டும் எழுதினால், குழாயையே கால்பக்கம் தள்ளிவிட்டு, அங்கிருந்து கதிரைத் தலைப்பக்கம் பாய்ச்சிவிட வாய்ப்பு இருக்கிறது. அப்படிச் செய்தால் சேக்ரத்துக்கான சாய்வு வந்துவிடும்.

திருப்பி அனுப்பும் முன் இன்னொரு வேலை செய்யுங்கள். இரண்டு கையெழுத்துப் பிரதிகளிலும் ‘மேலே’, ‘கீழே’, ‘முன்னால்’, ‘பின்னால்’ என்று எழுதிய இடங்களையெல்லாம் தேடி எடுத்து, ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் உடல் அப்போது எப்படிக் கிடக்கிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். சில இடங்களில் ‘கீழே’ சரியாகவே இருக்கும். மேசைக்குக் கீழே, விளக்குக்குக் கீழே என்பதையெல்லாம் மாற்ற வேண்டாம். உடலுக்குள் திசை சொல்லும் இடங்களை மட்டும் மாற்றுங்கள். எதிலாவது உறுதியாகத் தெரியவில்லை என்றால், அந்த வரியையும் அதோடு வரும் படத்தையும் சேர்த்து எனக்கு அனுப்புங்கள், பார்த்துச் சொல்கிறேன்.